உங்கள் ஊர் எம்.எல்.ஏ.வின் வாழ்க்கையை எழுதுவது எப்படி

எங்கள் ஊருக்கு மேற்கே ஓடையின் மேல் ஒரு பாலம் இருக்கிறது. கைப்பிடிச் சுவரில் பதித்த கல்லில் 1981 என்று ஆண்டு போட்டு, திறந்துவைத்தவர், தலைமை தாங்கியவர், முன்னிலை வகித்தவர்கள் என்று வரிசையாகப் பெயர்களை வெட்டியிருக்கிறார்கள். அந்தப் பாலம் வேண்டும் என்று சட்டமன்றத்தில் முதலில் கேட்டவரின் பெயர் அதில் இல்லை. அவர் கேட்டது 1973-இல். அதைக் கண்டுபிடிக்க எனக்கு ஏழு மாதம் ஆனது.

நான் கிளை நூலகத்தில் 29 ஆண்டுகள் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். பணியின் கடைசி ஆண்டில் எட்டாம் வகுப்புப் பிள்ளை ஒருத்தி வந்து, தன் தெருவுக்குப் பெயராக இருக்கும் எம்.எல்.ஏ. யார், அவரைப் பற்றிப் புத்தகம் இருக்கிறதா என்று கேட்டாள். அலமாரி அலமாரியாகத் தேடியும் ஒரு பக்கம்கூட அகப்படவில்லை. அந்த நூலகத்துக்கு இடம் வாங்கித் தந்தவரே அவர்தான் என்பது பின்னால்தான் எனக்குத் தெரிந்தது. மூன்று ஆண்டு அலைந்து 64 பக்கத்தில் ஒரு சிறு நூல் எழுதினேன். அந்த வழியை மற்றவர்களும் போகட்டும் என்றுதான் இதை எழுதுகிறேன். வழியைச் சொல்வதே நோக்கம் என்பதால் அவரை ‘எங்கள் உறுப்பினர்’ என்று மட்டும் குறிப்பிடுகிறேன். 1971 முதல் 1976 வரை அவையில் இருந்தவர். அதற்கு முன் தொடக்கப்பள்ளி ஆசிரியர்.

முதலில் தொகுதியை உறுதி செய்யுங்கள்

பலர் இதைத் தாண்டிவிட்டு நேரே வீட்டுக்குப் போய்ப் படம் வாங்குகிறார்கள். அப்படிச் செய்தால் பாதியில் குழப்பம் வரும். தொகுதி வேறு, ஊர் வேறு. எல்லை மறுவரையறை செய்யும் ஒவ்வொரு முறையும் பிர்காக்கள் (வருவாய்த் துறை வகுத்த ஊர்த் தொகுப்புகள்) ஒரு தொகுதியிலிருந்து இன்னொன்றுக்குப் போயிருக்கின்றன. இன்று நீங்கள் ஓட்டுப் போடும் தொகுதியில் உங்கள் தாத்தா ஓட்டுப் போட்டிருக்க வேண்டும் என்பதில்லை.

முன்னாள் அமைச்சர் கக்கனை எடுத்துக்கொள்ளுங்கள். மேலூர்ப் பக்கம் தும்பைப்பட்டியில் பிறந்தவர். 1952-இல் மதுரையிலிருந்து மக்களவைக்குப் போனார். 1957-இல் மேலூரிலிருந்து சட்டமன்றத்துக்கு வந்தார். 1962-இல் வென்றது சமயநல்லூரில். அந்தச் சமயநல்லூர்த் தொகுதி இன்று இல்லை. 2008-ஆம் ஆண்டு மறுவரையறை 2011 தேர்தலில் நடைமுறைக்கு வந்தபோது மறைந்துவிட்டது. இளையான்குடி, கடலாடி, சேடப்பட்டி, சாத்தான்குளம், சேரன்மாதேவி எல்லாம் அப்படி மறைந்தவைதான். கம்யூனிஸ்ட் தலைவர் என். சங்கரய்யாவும் கக்கனைப் போலத் தொகுதி மாறியவர்தான். ‘மதுரை எம்.எல்.ஏ.’ என்று பொதுவாகச் சொல்வார்கள். ஆனால் 1967-இல் அவர் வென்றது மதுரை மேற்கு, 1977-இலும் 1980-இலும் மதுரை கிழக்கு.

1952, 1957 தேர்தல்கள் என்றால் இன்னொன்றும் பார்க்க வேண்டும். அப்போது இரட்டை உறுப்பினர் தொகுதிகள் இருந்தன. ஒரே தொகுதிக்கு இரண்டு எம்.எல்.ஏ., அதில் ஓரிடம் ஒதுக்கீடு. 1962-இல்தான் எல்லாமே ஒற்றை உறுப்பினர் தொகுதிகள் ஆயின. இது தெரியாமல், இரண்டு பேரும் ஜெயித்ததாகப் பெரியவர்கள் சொல்வதைக் கேட்டு ஒருவரைப் பொய்யராக்கிவிடாதீர்கள். மொத்த இடங்களும் மாறிக்கொண்டே வந்தவை: 1952-இல் 375. ஆந்திரம் 1953-இல் பிரிந்து, 1956-இல் மலபாரும் தென் கன்னடமும் போய், குமரியும் செங்கோட்டையும் வந்து சேர்ந்தபின் 1957-இல் 205, 1962-இல் 206, 1967 முதல் 234.

இவற்றைச் சரிபார்க்கத் தேர்தல் ஆணையம் ஒவ்வொரு தேர்தலுக்கும் வெளியிட்ட புள்ளிவிவர அறிக்கை போதும். ஆணையத்தின் இணையதளத்திலேயே இலவசமாக இறக்கிக்கொள்ளலாம். தொகுதிவாரியாக யார் நின்றார்கள், எந்தக் கட்சி, எத்தனை வாக்கு என்பதெல்லாம் அதில் இருக்கும். பெயர்கள் ஆங்கில எழுத்தில், ஒரு தேர்தலுக்கு ஒரு மாதிரி இருக்கும். எங்கள் உறுப்பினரின் தலைப்பெழுத்தே இரண்டு தேர்தல்களில் இரண்டு விதமாக இருந்தது. அதே பெயரில் பக்கத்துத் தொகுதியில் இன்னொருவர் வேறு நின்றிருந்தார். இருவரையும் ஒருவர் என்று நினைத்து நான் ஒன்றரை மாதம் எழுதியதைக் கிழித்துப்போட வேண்டியதாயிற்று. அப்பா பெயர், ஊர், வாக்கு எண்ணிக்கை, இந்த மூன்றும் பொருந்தினால் ஒழிய இவர்தான் அவர் என்று எழுதாதீர்கள்.

அவர் உட்கார்ந்திருந்தது பேரவையா, மேலவையா என்பதையும் பாருங்கள். ஊரில் இரண்டுக்கும் எம்.எல்.ஏ. என்றே சொல்லிவிடுவார்கள். மேலவை 1986 நவம்பர் 1 முதல் இல்லை. அதன் உறுப்பினர்களில் பட்டதாரிகள், ஆசிரியர்கள், உள்ளாட்சி அமைப்புகள் தேர்ந்தெடுத்தவர்களும் நியமனம் பெற்றவர்களும் உண்டு. அவர்களைப் பொதுத்தேர்தல் அறிக்கையில் தேடினால் கிடைக்க மாட்டார்கள்.

ஆண்டுகளைத் தோராயமாகப் போடாதீர்கள்

ஐந்தாண்டு எம்.எல்.ஏ.வாக இருந்தார் என்று எழுதுவது கைக்குச் சுலபம். ஆனால் தமிழ்நாட்டில் பல பேரவைகள் ஐந்தாண்டை முடிக்கவில்லை. 1971-இல் வந்த அவை 1976 ஜனவரி 31-இல் கலைக்கப்பட்டது. 1977-இல் வந்தது 1980 பிப்ரவரியில், 1989-இல் வந்தது 1991 ஜனவரியில். 1976 பிப்ரவரி முதல் 1977 ஜூன் வரை அவையே இல்லை. 1988 ஜனவரி முதல் ஓராண்டும் அப்படித்தான். அந்த மாதங்களில் உங்கள் ஆள் பேசியதாக யாராவது சொன்னால், அது பொதுக்கூட்டமாக இருந்திருக்கும். இடைத்தேர்தலில் வந்தவர் என்றால் பதவியேற்ற நாளைத் தனியாகத் தேடுங்கள்.

பேரவைச் செயலகம் உறுப்பினர்களின் வாழ்க்கைக் குறிப்பைத் தொகுத்து வெளியிட்டிருக்கிறது. பிறந்த நாள், படிப்பு, தொழில், சிறை சென்ற விவரம் எல்லாம் ஒரு பத்தியில் இருக்கும். தொடங்குவதற்கு நல்ல இடம்தான். ஆனால் அது பெரும்பாலும் உறுப்பினர்களே எழுதிக் கொடுத்த விவரம். பிறந்த நாளைப் பள்ளிச் சான்றிதழோடும், முடிந்தால் ஜாதகத்தோடும் ஒப்பிட்டுப் பாருங்கள். பள்ளியில் சேர்க்கும்போது ஆசிரியர் போட்டுவிட்ட தேதியோடு வாழ்ந்தவர்கள் அந்தத் தலைமுறையில் நிறையப் பேர். இரண்டு தேதி வந்தால் இரண்டையும் எழுதி, எது எங்கிருந்து வந்தது என்றும் எழுதிவிடுங்கள்.

அவைக் குறிப்பைப் படிக்கும் விதம்

இதற்குத்தான் அதிக நாள் ஒதுக்க வேண்டும். ஒரு சட்டமன்ற உறுப்பினர் தன் சொந்த வாயால் பேசியது அச்சில் அப்படியே கிடக்கும் இடம் இது ஒன்றுதான். வேறு எந்த வேலை பார்த்தவருக்கும், அரை நூற்றாண்டுக்கு முன் ஒரு காலைப் பொழுதில் என்ன கேட்டார் என்று தேதியோடு பதிவு கிடைக்காது. இவ்வளவு பெரிய செல்வத்தை வைத்துக்கொண்டு, ‘எளிமையானவர், ஏழை பங்காளர்’ என்று இரண்டு சொல்லில் ஒருவரை முடித்துவிடுகிறோமே என்று எனக்கு இன்றும் வருத்தம்.

பேரவை நடவடிக்கைகளின் பழைய அச்சுத் தொகுப்புகள் பல இப்போது மின்னாக்கப்பட்டிருக்கின்றன. சென்னைக்கு வர முடிந்தவர்கள் எழும்பூரில் கன்னிமாரா நூலகத்திலும் தமிழ்நாடு ஆவணக் காப்பகத்திலும் கேட்டுப் பார்க்கலாம். நான் காகிதத்தில்தான் படித்தேன். காலை முதல் மாலை வரை உட்கார்ந்தால் ஒரு நாளைக்கு இரண்டு தொகுப்பு ஓடும். 1950-களின் தொகுப்புகள் என்றால் பொறுமை வேண்டும். 1952 அவையில் தமிழ், தெலுங்கு, மலையாளம், கன்னடம் பேசுகிறவர்கள் எல்லாரும் இருந்தார்கள். ஆங்கிலமும் கலந்து வரும்.

முதல் பக்கத்திலிருந்து புரட்டாதீர்கள். பொருளடைவில் பெயரைத் தேடுங்கள். அடைவில் விட்டுப்போவதும் உண்டு. அதனால் நான்கு இடங்களைக் கையால் புரட்டிப் பார்த்துவிடுங்கள்: கேள்வி நேரம், ஆளுநர் உரை மீதான விவாதம், நிதிநிலை அறிக்கை மீதான பொது விவாதம், மானியக் கோரிக்கைகள் (துறைவாரியாக நிதி ஒதுக்கக் கேட்பவை). புதிய உறுப்பினரின் கன்னிப்பேச்சு பெரும்பாலும் இதில் ஒன்றில்தான் இருக்கும். உள்ளூர் விஷயம் வேண்டுமென்றால் பொதுப்பணி, நெடுஞ்சாலை, கல்வி, மக்கள் நல்வாழ்வு மானியங்களைப் பாருங்கள். பின்வரிசை உறுப்பினருக்குக் கிடைத்த ஐந்து பத்து நிமிடத்தில் தொகுதியின் கோரிக்கைகளை மூச்சுவிடாமல் அடுக்கியிருப்பார். படிப்பவருக்கு அலுப்பாகத் தெரியும் அந்தப் பட்டியல்தான் உங்களுக்கு வேண்டியது. அதை அப்படியே எழுதிக்கொள்ளுங்கள்.

துணைக்கேள்விகளை விட்டுவிடாதீர்கள். எங்கள் உறுப்பினரை நான் கண்டுபிடித்தது அங்கேதான். வேறு ஒருவர் வேறு மாவட்டத்துச் சாலையைப் பற்றிக் கேட்ட கேள்வி. அமைச்சர் பதில் சொன்னதும் இவர் எழுந்து, எங்கள் ஓடையில் ஐப்பசி கார்த்திகையில் தண்ணீர் வந்தால் அக்கரைப் பிள்ளைகள் வாரக்கணக்கில் பள்ளிக்கு வருவதில்லை, அங்கே ஒரு பாலம் கட்ட அரசு முன்வருமா என்று கேட்டிருக்கிறார். மொத்தம் நான்கு வரி. அந்தப் பள்ளியில் வாத்தியாராக இருந்து, வருகைப் பதிவேட்டில் வரவில்லை என்று குறித்த கைதான் அது என்று எனக்குத் தெரியும். அந்தப் பக்கத்தை நான் மூன்று முறை படித்தேன்.

அமைச்சர் சொன்ன பதிலைப் படிக்கவும் ஒரு பழக்கம் வேண்டும். ‘பரிசீலனையில் உள்ளது’ என்றால் ஏதோ ஒரு மேசையில் கோப்பு இருக்கிறது என்று எடுத்துக்கொள்ளலாம். ‘நிதி நிலைமைக்கேற்பப் பரிசீலிக்கப்படும்’ என்றால் இப்போதைக்கு இல்லை. ‘அத்தகைய கருத்துரு ஏதும் அரசிடம் இல்லை’ என்றால் கீழிருந்து எதுவும் எழுதப்படவில்லை. அங்கிருந்து உறுப்பினரின் வேலை ஊராட்சி ஒன்றிய அலுவலகத்தில் தொடங்கும். ‘ஆவன செய்யப்படும்’ என்று அமைச்சர் சொல்லியிருந்தால் அது அவைக்குத் தந்த உறுதிமொழி ஆகலாம். உறுதிமொழிகள் நிறைவேறினவா என்று பார்க்கப் பேரவையில் ஒரு குழுவே இருக்கிறது. அரசு உறுதிமொழிக் குழுவின் அறிக்கைகளைத் தேடிப் பாருங்கள். சில நேரம் கேள்விக்கு விடை பல ஆண்டு கழித்து அங்கே கிடக்கும்.

அவையில் பேசாத உறுப்பினரை உடனே சோம்பேறி என்று முடிவு கட்டாதீர்கள். சிலர் அமைச்சரைத் தனியே பார்த்துக் கடிதம் கொடுத்துக் காரியம் முடிப்பார்கள். பொதுக்கணக்குக் குழு, மதிப்பீட்டுக் குழு, பொது நிறுவனங்கள் குழு இவற்றில் இருந்தாரா என்று பாருங்கள். எதிலும் இல்லை, எங்கும் பெயர் இல்லை என்றால் அதையும் எழுதுங்கள். அதுவும் அவர் வாழ்க்கைதான்.

ஊருக்குத் திரும்பி வந்து நின்று பாருங்கள்

அவையில் அவர் கேட்டவற்றை ஒரு தாளில் இடது பக்கம் எழுதுங்கள். வலது பக்கம் காலியாக இருக்கட்டும். அப்புறம் அந்தத் தாளோடு ஒவ்வோர் இடத்துக்கும் போங்கள். நான் சைக்கிளில் போனேன். எங்கள் உறுப்பினர் கேட்டவற்றில் நான் எண்ணியது 23. அதில் 9 இன்று தரையில் நிற்கின்றன. மூன்று அவர் காலத்திலேயே வந்தவை. ஆறு பின்னால் வந்தவை. மகப்பேறு நிலையம் கேட்ட இடத்தில் இன்றும் கருவேலமரம்தான் நிற்கிறது.

கட்டடம் இருந்தால் கல்லைப் படித்துப் படம் எடுங்கள். கல்லில் இருப்பது திறந்த நாள் மட்டுமே. அது எப்போது கேட்கப்பட்டது, எப்போது நிதி வந்தது என்று கல் சொல்லாது. அதற்கு ஊராட்சியின் தீர்மானப் புத்தகத்தைப் பார்க்க வேண்டும். பார்க்க விடவில்லை என்றால் தகவல் உரிமைச் சட்டத்தில் பத்து ரூபாய்க் கட்டணம் செலுத்தி மனுப் போடலாம். முப்பது நாளில் பதில் தர வேண்டும். கேட்பதைச் சுருக்கமாகக் கேளுங்கள்: இந்தப் பாலம், இந்தக் கிராமம், அரசாணை எண்ணும் நாளும். எனக்கு முதல் அலுவலகத்திலிருந்து கோப்பு அழிக்கப்பட்டுவிட்டது என்று பதில் வந்தது. மனம் விட்டுப்போயிற்று. ஆனால் ஊராட்சியின் 1974-ஆம் ஆண்டுத் தீர்மானப் புத்தகம், கரையான் அரித்தது போக, கிடைத்தது. பாலம் கோரும் தீர்மானத்தின் கீழே எங்கள் உறுப்பினர் பார்வையாளராகக் கையெழுத்துப் போட்டிருந்தார். சட்டமன்றத்தில் கேட்டுவிட்டுச் சும்மா இருக்கவில்லை. கீழிருந்து கருத்துரு போகட்டும் என்று ஊராட்சிக்கே வந்து உட்கார்ந்திருக்கிறார்.

மனிதர்களிடம் கேட்பது

மனைவி, பிள்ளைகள் உயிரோடு இருந்தால் முதலில் அவர்களைப் பாருங்கள். வயதானவர்கள் காத்திருக்க மாட்டார்கள். அவர் எப்படிப்பட்டவர் என்று கேட்டால் எல்லாரும் நல்லவர் என்றுதான் சொல்வார்கள். காலையில் எத்தனை மணிக்கு மனு வாங்க உட்காருவார், எந்தப் பெஞ்சில், காப்பி யார் போட்டது, சென்னைக்கு எந்த ரயிலில் போவார், கூட்டத்தொடர் இல்லாத மாதங்களில் வீட்டுச் செலவுக்கு என்ன செய்தீர்கள் என்று கேளுங்கள். எங்கள் உறுப்பினரின் மனைவி முதல் நாள் எதுவும் பேசவில்லை. காப்பியைப் பற்றிக் கேட்டதும் பேசத் தொடங்கினார். விடிவதற்குள் திண்ணையில் பதினைந்து பேர் இருப்பார்களாம். பால் வாங்கிக் கட்டுப்படியாகாமல் சுக்குக் காப்பிக்கு மாறியதைச் சொன்னார். தேர்தல் கடனுக்காகத் தன் பிறந்த வீட்டு நகை போனதைக் கடைசியில்தான் சொன்னார். அதை அவர் அனுமதி கேட்டுவிட்டே நூலில் சேர்த்தேன். நீங்களும் கேட்டுவிடுங்கள்.

குடும்பத்துக்கு அடுத்தபடி, மனு எழுதிக் கொடுத்தவர், கட்சி அலுவலகத்தில் சுவரொட்டி ஒட்டியவர், எதிர்த்து நின்றவர். எதிர்த்து நின்றவரைக் கட்டாயம் பாருங்கள். எங்கள் உறுப்பினரிடம் தோற்றவர், அவர் மேல் இரண்டு குறை சொன்னார். விசாரித்ததில் ஒன்று உண்மை. நூலில் அதுவும் இருக்கிறது.

நினைவு தேதியை மாற்றிவிடும். எங்கள் ஊரில் இரண்டு பெரியவர்கள், பாலத்தை எங்கள் உறுப்பினரே ரிப்பன் வெட்டித் திறந்தார் என்று அடித்துச் சொன்னார்கள். 1981-இல் அவர் எம்.எல்.ஏ.வே இல்லை. அன்று அவர் கூட்டத்தில் நின்று பார்த்தார் என்பது அவர் மகள் சொல்லித் தெரிந்தது. பெரியவர்கள் சொன்னது பொய்யில்லை. ஊர் யாரைத் திறந்தவராக நினைத்தது என்பதற்கு அதுதான் சாட்சி. இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து எழுதினேன். கக்கனின் எளிமையைப் பற்றி நாட்டில் உலவும் கதைகளிலும் ஒவ்வொன்றுக்கும் பல வடிவங்கள் இருக்கின்றன. அப்படி ஒரு கதை வந்தால், அது அச்சில் முதலில் எங்கே வந்தது என்று பின்னோக்கிப் போங்கள். பழைய இதழ்களுக்குச் சென்னைத் தரமணியில் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் இருக்கிறது.

அவரே எழுதி வைத்திருந்தால் நீங்கள் கொடுத்து வைத்தவர். சென்னை மாகாணச் சட்டமன்றத்தில் துணைத் தலைவராக இருந்த டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி, காந்தி கைதானபோது 1930-இல் பதவியை விட்டார்; அதே ஆண்டில் தன் சட்டமன்ற அனுபவங்களை நூலாகவும் எழுதினார். அப்படிச் செய்தவர்கள் குறைவு. ஆனால் நாட்குறிப்பு, கடிதத் தாள், மனுக்களின் ஓரத்தில் பென்சிலில் எழுதிய குறிப்பு இவை பரணில் இருக்கும். பழைய காகிதம் என்று கடைக்குப் போடுவதற்குள் போய்க் கேளுங்கள்.

சொத்தும் வழக்கும்

2003-க்குப் பின் போட்டியிட்டவர் என்றால் பிரமாணப் பத்திரம் உண்டு. உச்ச நீதிமன்றத் தீர்ப்புகளால் வந்த நடைமுறை அது. தமிழ்நாட்டுச் சட்டமன்றப் பொதுத்தேர்தல்களில் 2006 முதல் பார்க்கலாம். அந்தப் பத்திரத்தில் அசையும் சொத்து, அசையாச் சொத்து, கடன், படிப்பு, வழக்கு எல்லாம் இருக்கும். ஒரே ஆளின் இரண்டு மூன்று தேர்தல் பத்திரங்களை வரிசையாக வைத்துப் படியுங்கள். நிலுவையில் உள்ள வழக்கைத் தண்டனை போல எழுதாதீர்கள். போராட்டத்தில் சாலை மறித்ததற்கான வழக்கும் அதே பட்டியலில்தான் வரும். பிரிவு என்ன, நிலை என்ன என்று மட்டும் சொல்லுங்கள். கட்சி மாறியிருந்தாலும் அப்படித்தான். நாள், எங்கிருந்து எங்கே, அவர் சொன்ன காரணம், எதிராளி சொன்ன காரணம். தீர்ப்பை வாசகரே எழுதிக்கொள்வார்.

எழுதும்போது

மாண்புமிகு, செம்மல், காவலர் எல்லாவற்றையும் எடுத்துவிடுங்கள். தோல்விகளை மறைக்காதீர்கள். கக்கனே 1967-இல் தோற்றார். எங்கள் உறுப்பினர் 1977-இல் ஆறில் ஒரு பங்கு வாக்குகூட வராமல் வைப்புத்தொகையை இழந்தார். மறுவாரம் தன் பழைய பள்ளிக்குப் போய், சம்பளம் இல்லாமல் மாலை வகுப்பு எடுத்தார். தெருவுக்கு அவர் பெயரை வைத்தவர்கள் அந்த வகுப்பில் படித்த பிள்ளைகள் என்பது கடைசி மாதத்தில்தான் எனக்குத் தெரிய வந்தது. தோல்விக்குப் பிந்தைய ஆண்டுகளைத் தேடாமல் விட்டிருந்தால் அது என் கைக்கு வந்திருக்காது.

அச்சிடும்போது பின்னால் நான்கு பக்கம் வெறுமையாக விடச் சொல்லுங்கள். நூலகப் பிரதியில் ‘திருத்தம் இருந்தால் இங்கே பென்சிலால் எழுதவும்’ என்று முதல் வெற்றுப் பக்கத்தின் மேலே எழுதி வைத்தேன். இதுவரை ஐந்து திருத்தங்கள் வந்திருக்கின்றன. ஐந்தாவது, 31-ஆம் பக்கத்தில் ஓடையின் பெயரை நான் தவறாக எழுதியிருக்கிறேன் என்பது. எழுதியது அன்று புத்தகம் கேட்டு வந்த அதே பிள்ளை. இப்போது கல்லூரியில் படிக்கிறாள். அவள் சொன்ன பெயர்தான் சரி.